எங்கள் ஊர் ரயிலடி

(முன்னாள் மாணவர் சங்கச் சந்திப்பு விழாவில் ஆற்றிய உரை)



சங்கச் செயலாளர் போன மாதம் போன் செய்து, "அண்ணாச்சி, இந்த வருஷம் நீங்க அரை மணி நேரம் பேசணும். எதைப் பத்தி வேணும்னாலும் பேசுங்க" என்றார். முப்பத்தைந்து வருஷம் வங்கியில் கணக்குப் பார்த்தவன் நான். மேடையேறிப் பேசிப் பழக்கம் இல்லை. அதனால் எனக்கு நன்றாகத் தெரிந்த ஒன்றைப் பற்றி மட்டும் பேசுகிறேன் என்று ஒத்துக்கொண்டேன். எனக்கு நன்றாகத் தெரிந்தது எங்கள் ஊர் ரயிலடி. ஸ்ரீவைகுண்டம் ரயில்வே ஸ்டேஷன்.

பெயர்தான் ஸ்ரீவைகுண்டம். ஸ்டேஷன் இருப்பது புதுக்குடியில். ஸ்ரீவைகுண்டம் ஊர் தாமிரபரணிக்கு வடகரை. நவதிருப்பதியில் முதல் திருப்பதி. குமரகுருபரர் பிறந்த ஊர். ரயில் பாதையோ தென்கரையில் போகிறது. ஊர்க்காரர்கள் ஆற்றைத் தாண்டி, பாலத்தைக் கடந்து எங்கள் பக்கம் வந்துதான் ரயில் ஏற வேண்டும். "பேரு அவங்களுக்கு, ஸ்டேஷன் நமக்கு" என்று எங்கள் ஊர்ப் பெரியவர்கள் சொல்லிச் சிரிப்பார்கள். நான் சொல்வது வேடிக்கைக்காக மட்டும் அல்ல. இந்த ஆற்றுக்கும் இந்த ஸ்டேஷனுக்கும் உள்ள சம்பந்தம் பிறகு வரப்போகிறது. அதனால் இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

முதலில் கொஞ்சம் சரித்திரம்.

திருநெல்வேலிக்கு ரயில் வந்தது 1876-இல். மதுரையிலிருந்து தூத்துக்குடிக்குப் பாதை போட்டபோது, மணியாச்சியில் பிரிந்து ஒரு கிளை நெல்லைக்கு வந்தது. அந்தக் காலத்தில் வெள்ளைக்காரர்களுக்கு வேண்டியது துறைமுகம். பஞ்சு போக வேண்டும், கப்பலுக்கு ஆள் போக வேண்டும். திருச்செந்தூருக்கு ரயில் வேண்டும் என்று அவர்களுக்கு அவசரம் எதுவும் இல்லை. முருகனைப் பார்க்கப் போகிறவர்கள் நடந்தும் மாட்டு வண்டி கட்டிக்கொண்டும் போனார்கள். நெல்லையிலிருந்து செந்தூருக்குப் போய்த் திரும்புவது அன்றைக்கு நாள் கணக்கு.

பிறகு யார் போட்டார்கள் இந்தப் பாதையை? மாணவர்கள் தெரிந்துகொள்ள வேண்டிய விஷயம் இது. போட்டது கம்பெனி அல்ல, ஜில்லா போர்டு. அன்றைய சென்னை மாகாணத்தில் ஜில்லா போர்டுகளே பணம் திரட்டி ரயில் பாதை போடும் வழக்கம் இருந்தது. தஞ்சாவூர் ஜில்லா போர்டு அதில் முன்னோடி. நிலத்தீர்வையோடு ஒரு சிறு வரி சேர்த்து வசூலித்து, 1894-இல் மாயவரத்திலிருந்து முத்துப்பேட்டைக்கு ரயில் விட்டார்கள். அதே வழியில் நம் திருநெல்வேலி ஜில்லா போர்டு போட்டதுதான் திருநெல்வேலி – திருச்செந்தூர் பாதை. 1923-இல் ரயில் ஓடத் தொடங்கியது. மீட்டர் கேஜ், சுமார் 38 மைல். ஓட்டிக் கொடுத்தது தென்னிந்திய ரயில்வே கம்பெனி. பாதை ஜில்லா போர்டுக்குச் சொந்தம். இந்தத் தண்டவாளத்தில் நம் மாவட்டத்துக் குடியானவனுக்கும் பங்கு உண்டு என்று நான் சொல்வது அதனால்தான்.

1944-இல் கம்பெனியை அரசாங்கம் எடுத்துக்கொண்டது. 1951-இல் தெற்கு ரயில்வே பிறந்தது. 1956-இல் மதுரைக் கோட்டம் வந்தது. இத்தனை மாற்றத்திலும் எங்கள் ரயிலடி அப்படியே இருந்தது. ஒரு சின்னக் கட்டடம், வேப்பமர நிழல், ஒரு மணி, ஒரு கடிகாரம், ஒரு ஸ்டேஷன் மாஸ்டர்.

பாதையில் வரும் ஊர்களின் பெயரை மட்டும் வரிசையாகச் சொல்கிறேன், கேளுங்கள். பாளையங்கோட்டை, செய்துங்கநல்லூர், தாதன்குளம், ஸ்ரீவைகுண்டம், ஆழ்வார்திருநகரி, நாசரேத், கச்சனாவிளை, குரும்பூர், ஆறுமுகநேரி, காயல்பட்டினம், திருச்செந்தூர். நம்மாழ்வார் ஊர் இருக்கிறது, மாதா கோயில் மணி ஓசை கேட்கும் நாசரேத் இருக்கிறது, மசூதி நிறைந்த காயல்பட்டினம் இருக்கிறது, கடைசியில் முருகன் இருக்கிறான். ஒரு பெட்டியில் ஏறி உட்கார்ந்தால் எல்லாச் சாமியும் வழியில் வந்துவிடும். நெற்றியில் திருமண் வைத்தவரும், தொப்பி போட்டவரும், பைபிளை மடியில் வைத்த உபதேசியாரும் ஒரே பெஞ்சில் இடித்துக்கொண்டு உட்கார்ந்து முறுக்கைப் பங்கு போட்டுத் தின்றதை நான் தினமும் பார்த்திருக்கிறேன்.

1971-இல் பி.யூ.சி. படிக்க நான் இந்தக் கல்லூரிக்கு வந்தேன். அப்பா சீசன் டிக்கெட் எடுத்துக் கொடுத்தார். காலையில் கரி எஞ்சின் வரும். ஜன்னல் ஓரம் உட்கார்ந்தால் வெள்ளைச் சட்டை கல்லூரிக்கு வந்து சேரும்போது சாம்பல் சட்டையாகிவிடும். கண்ணில் கரித்தூள் விழுந்து, அழுதுகொண்டே முதல் வகுப்புக்கு வந்த நாட்கள் உண்டு. "என்ன தம்பி, வீட்டில் ஏதும் துக்கமா?" என்று நம் பேராசிரியர் ஒருநாள் என்னைக் கேட்டார். அவருக்கு ஞாபகம் இருக்கிறதோ இல்லையோ, எனக்கு இருக்கிறது.

இன்றைய பிள்ளைகளுக்கு அந்தக் கால டிக்கெட் தெரியாது. தடித்த அட்டையில் சின்னதாக இருக்கும். ஸ்டேஷன் மாஸ்டர் அதை ஓர் இரும்பு யந்திரத்தில் செருகி 'டக்' என்று தேதி குத்தித் தருவார். டிக்கெட் கொடுப்பதும் அவரே, சிக்னல் போடச் சொல்வதும் அவரே, கூட்டத்தை அதட்டுவதும் அவரே. எஞ்சின் டிரைவர் ஓடும் வண்டியிலிருந்து கையை நீட்டி ஒரு வளையத்தை வாங்கிக்கொண்டு போவார். அதற்கு டோக்கன் என்று பெயர். அது எதற்கு என்று அப்போது எங்களுக்குத் தெரியாது. ஏதோ மாலை மரியாதை என்று நினைத்துக்கொண்டிருந்தோம்.

அதன் அர்த்தம் இதுதான். ஒற்றைப் பாதை. எதிரே வண்டி வந்தால் ஒதுங்க இடம் ஸ்டேஷனில் மட்டும்தான். ஆகவே ஒரு ஸ்டேஷனுக்கும் அடுத்த ஸ்டேஷனுக்கும் நடுவில் ஒரு நேரத்தில் ஒரு வண்டிதான் இருக்கலாம். அடுத்த ஸ்டேஷன் மாஸ்டர் "பாதை காலி, அனுப்பலாம்" என்று ஒப்புதல் கொடுத்தால்தான் இங்கே யந்திரத்திலிருந்து டோக்கன் வெளியே வரும். அதைக் கையில் வாங்காமல் டிரைவர் வண்டியை நகர்த்தக் கூடாது. இதற்குத்தான் 'லைன் கிளியர்' என்று பெயர். இன்றைக்கு வளையம் போய்விட்டது. மின்சார சிக்னல் வந்துவிட்டது. கரி எஞ்சினும் போய், டீசலும் போய், மேலே மின்கம்பி வந்துவிட்டது. ஆனால் அந்த அடிப்படை மாறவில்லை. முன்னால் இருக்கும் பாதை சரியாக இருக்கிறது என்று ஓர் ஆளுக்கு உறுதியாகத் தெரியாமல் வண்டியை அனுப்ப முடியாது.

இந்த இடத்தில் நான் ஒரு குற்றத்தை ஒப்புக்கொள்ள வேண்டியிருக்கிறது. நாற்பது வருஷத்துக்கு மேல் யாரிடமும் சொல்லாதது.

1976 நவம்பர். படிப்பு முடிந்து ஒரு வருஷமாக வேலை இல்லாமல் வீட்டில் இருந்தேன். திருநெல்வேலியில் ஒரு வங்கி வேலைக்கு நேர்முகத் தேர்வு வந்தது. காலை பத்து மணிக்கு இருக்க வேண்டும். அப்பா கடன் வாங்கிப் புதுச் சட்டை தைத்துக் கொடுத்திருந்தார். ஐப்பசி அடைமழை. வண்டி ஏறினேன். வழியில் ஒரு ஸ்டேஷனில் வண்டி நின்றது. எந்த ஸ்டேஷன் என்று சொல்ல வேண்டாம். கால் மணி ஆயிற்று, அரை மணி ஆயிற்று, வண்டி நகரவில்லை. இறங்கிப் போய்க் கேட்டேன். முன்னால் ஒரு சின்னப் பாலத்தின் பக்கம் வாய்க்கால் தண்ணீர் ஏறி வருகிறது, கேங்மேனைப் பார்த்துவரச் சொல்லி அனுப்பியிருக்கிறேன், அவன் வந்து சொல்லும்வரை அனுப்ப மாட்டேன் என்றார் ஸ்டேஷன் மாஸ்டர். நான் கெஞ்சினேன். பிறகு கோபப்பட்டேன். பட்டம் வாங்கிய திமிரில் இங்கிலீஷில் பேசினேன். அவர் குடையைப் பிடித்தபடி ஒரே பதிலைச் சொன்னார்.

"தம்பி, நீ யார்கிட்ட வேணும்னாலும் போய்ச் சொல்லு. எனக்குத் தெரியாம வண்டியை விட மாட்டேன்."

ஒன்றரை மணி நேரம். கேங்மேன் நனைந்துகொண்டே வந்து, பாலத்துக்கு ஒன்றும் இல்லை, நன்றாக இருக்கிறது என்றார். வண்டி புறப்பட்டது. நான் போய்ச் சேரும்போது நேர்முகத் தேர்வு முடிந்து வாசலில் சிப்பந்தி நாற்காலியை அடுக்கிக்கொண்டிருந்தான்.

பாலம் நன்றாக இருந்தது என்பதுதான் எனக்கு ஆத்திரம். ஒன்றும் இல்லாததற்கு ஒன்றரை மணி நேரம் நிறுத்தி என் வேலையைக் கெடுத்துவிட்டார் என்று நினைத்தேன். வீட்டுக்கு வந்த சூட்டோடு சூடாக அவர்மேல் ஒரு புகார் மனு எழுதினேன். சீசன் டிக்கெட் கூட்டாளிகள் பதினான்கு பேர் கையெழுத்துப் போட்டார்கள். அதில் இரண்டு பேர் இதோ இரண்டாவது வரிசையில் உட்கார்ந்து ஒன்றும் தெரியாதவர்கள் மாதிரி என்னைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். அந்த மனிதரிடம் மேலிடத்தில் விளக்கம் கேட்டார்கள் என்று பிறகு கேள்விப்பட்டோம். சந்தோஷப்பட்டோம். கொஞ்ச நாளில் அவர் மாற்றலாகிப் போய்விட்டார். எங்கே போனார், என்ன ஆனார், எனக்குத் தெரியாது.

அடுத்த வருஷம் வேறு ஒரு வங்கியில் எனக்கு வேலை கிடைத்தது. வடக்கே, தெற்கே என்று சுற்றினேன். ஊருக்கு வரும்போதெல்லாம் ரயிலடியைப் பார்ப்பேன். அதற்குள் ரோடு நன்றாகிவிட்டது. ஐந்து நிமிஷத்துக்கு ஒரு பஸ். அகலப்பாதை போடுவதற்காக ரயிலை நிறுத்தினார்கள். 2008-இல் மறுபடி ஓடியது. ஸ்டேஷனில் கூட்டம் பழைய மாதிரி இல்லை. ஒருநாள் பிளாட்பாரத்தில் உட்கார்ந்து என் தம்பியிடம் கணக்குப் போட்டுக் காட்டினேன். "ஏல, ஒரு நாளைக்கு இங்கே எத்தனை டிக்கெட் விற்கும்? அதுக்கு ஒரு மாஸ்டர், ஒரு பாயிண்ட்ஸ்மேன், ராத்திரி ஒரு ஆள், பகல் ஒரு ஆள். சம்பளமே கட்டாது. இதை ஹால்ட் ஆக்கிட்டு ஒரு ஏஜெண்ட்கிட்ட டிக்கெட் புஸ்தகத்தைக் கொடுத்தாப் போதும்." தம்பி விவசாயி. வாழை போட்டிருக்கிறான். அவன் பதில் ஒன்றும் சொல்லவில்லை. "அண்ணே, உங்க கணக்கு எங்களுக்குப் புரியாது" என்று மட்டும் சொன்னான்.

2020 மார்ச்சில் கொரோனாவுக்காக நாடு முழுக்க ரயில் நின்றது. மறுபடி ஓடத் தொடங்கியபோது பாசஞ்சர் வண்டியெல்லாம் எக்ஸ்பிரஸ் ஸ்பெஷல் என்று பெயர் மாறியது. குறைந்த கட்டணம் 10 ரூபாய் இருந்தது 30 ரூபாய் ஆனது. அதே பெட்டி, அதே வேகம், மூன்று மடங்கு காசு. பாளையங்கோட்டை ஹைகிரவுண்ட் ஆஸ்பத்திரிக்கு மாத்திரை வாங்கப் போகிற கிழவிக்கு அது எவ்வளவு பெரிய வித்தியாசம் என்று நான் யோசிக்கவில்லை. பழைய கட்டணம் திரும்ப வந்தது 2024 பிப்ரவரியில்தான்.

இனி நான் சொல்ல வந்த விஷயத்துக்கு வருகிறேன்.

2023. இந்தப் பாதைக்கு நூறு வயது ஆன வருஷம். எனக்கு அது ஞாபகமே இல்லை. டிசம்பர் 17, ஞாயிற்றுக்கிழமை. அன்று தொடங்கிய மழையை இங்கே இருக்கிற யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். 24 மணி நேரத்தில் காயல்பட்டினத்தில் 95 சென்டிமீட்டர், திருச்செந்தூரில் 69, ஸ்ரீவைகுண்டத்தில் 62. ஒரு வருஷம் முழுக்க நம் மாவட்டத்தில் சராசரியாகப் பெய்வதைவிடக் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் அதிகம் பெய்தது. 1992 நவம்பர் வெள்ளத்தைப் பார்த்தவர்களே, இப்படி ஒன்றைப் பார்த்ததில்லை என்றார்கள். ஆறு ஒரு பக்கம். குளங்கள் உடைந்து வந்த தண்ணீர் இன்னொரு பக்கம்.

அன்று இரவு 8.25-க்குத் திருச்செந்தூரிலிருந்து செந்தூர் எக்ஸ்பிரஸ் சென்னைக்குப் புறப்பட்டது. ஏறக்குறைய 800 பயணிகள். ஞாயிற்றுக்கிழமை சாமி கும்பிட்டுவிட்டுத் திங்கட்கிழமை வேலைக்குத் திரும்புகிறவர்கள், குழந்தை குட்டிகள், வயசானவர்கள். ஒன்பது மணிக்கு மேல் வண்டி எங்கள் ரயிலடிக்கு வந்தது. முன்னால் செய்துங்கநல்லூருக்குப் போகிற பாதையில் வெள்ளம் புகுந்து அரித்துக்கொண்டிருந்தது. ஸ்டேஷன் மாஸ்டர் வண்டியை மேலே விடாமல் அங்கேயே நிறுத்தினார்.

அந்த முடிவை நினைத்துப் பாருங்கள். கும்மிருட்டு. கொட்டும் மழை. ஒரு எக்ஸ்பிரஸ் வண்டி, தாமதமானால் மேலே பதில் சொல்ல வேண்டிய வண்டி. 800 பேரும் "ஏன் நிற்குது, எப்போ போகும்?" என்று கேட்டிருப்பார்கள். 1976-இல் நான் கேட்ட அதே கேள்வி. அவர் நிறுத்தினார்.

பொழுது விடிந்த பிறகு என்ன தெரிந்தது? பாதைக்கு அடியில் இருந்த ஜல்லியையும் மண்ணையும் வெள்ளம் வாரிக்கொண்டு போய்விட்டது. தண்டவாளமும் அதில் கோத்த சிலீப்பர் கட்டைகளும் ஏணியைப் படுக்கப் போட்டது மாதிரி அந்தரத்தில் தொங்கிக்கொண்டிருந்தன. அந்தப் படம் எல்லாப் பத்திரிகையிலும் வந்தது. நீங்களும் பார்த்திருப்பீர்கள். நான் அதைப் பாளையங்கோட்டை வீட்டில் உட்கார்ந்து பார்த்தபோது என் கை நடுங்கியது. வண்டி அந்த இடத்தை ஓட்டமாய் ஓடிக் கடக்க முயன்றிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதை நான் சொல்லத் தேவையில்லை.

எனக்கு அப்போது நினைவுக்கு வந்தது குடை பிடித்துக்கொண்டு நின்ற அந்தப் பழைய மனிதர்தான். அன்றைக்குப் பாலம் நன்றாக இருந்தது, அதனால் அவர் செய்தது தப்பு என்று நான் தீர்ப்பு எழுதினேன். பாலம் நன்றாக இருக்கிறதா இல்லையா என்று அவருக்கு அப்போது தெரியாது. தெரியாதபோது நிறுத்துவதுதான் அவர் வேலை. நூறு தடவை ஒன்றும் இல்லாததற்கு நிறுத்துகிறவன்தான் நூற்றியோராவது தடவை சரியாக நிறுத்துவான். அந்த நூறு தடவையும் நம்மிடம் திட்டு வாங்குவான். நாம் மனுப் போடுவோம். வண்டியை அனுப்புவதற்காக ஸ்டேஷன் மாஸ்டர் இருக்கிறார் என்று ஐம்பது வருஷம் நினைத்துக்கொண்டிருந்தேன். நிறுத்துவதற்காகவும்தான் அவர் இருக்கிறார் என்று அன்றைக்குத்தான் எனக்குப் புத்தி வந்தது.

கதை அதோடு முடியவில்லை. வண்டி தப்பித்தது. ஆனால் ஆட்கள் சிக்கிக்கொண்டார்கள். சுமார் 300 பேரை அன்று இரவே பக்கத்துப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பிவைத்தார்கள். அதற்குள் ரோடும் மூழ்கியது. மீதி 500 பேர் ரயில் பெட்டியிலும் ஸ்டேஷனிலுமாக. சுற்றிலும் தண்ணீர். கரண்ட் இல்லை. செல்போன் கோபுரம் வேலை செய்யவில்லை. குடிக்கத் தண்ணீர் இல்லை. சுற்றி இவ்வளவு தண்ணீர் இருக்கும்போது குடிக்க இல்லை, அதுதான் வெள்ளம்.

அப்போது மேலப்புதுக்குடி ஜனங்கள் வந்தார்கள். யாரும் உத்தரவு போடவில்லை, எந்த அதிகாரியும் போய்ச் சேர முடியவில்லை. அவர்கள் ஊரே தீவாகத்தான் இருந்தது. கோயிலில் அடுப்பு மூட்டினார்கள். வீட்டுக்கு வீடு இருந்த அரிசியையும் பருப்பையும் கொண்டுவந்து போட்டார்கள். கடை திறந்திருக்கவில்லை, நாளைக்கு என்ன சாப்பிடுவோம் என்று அவர்களுக்கே தெரியாது. பொங்கி, தண்ணீரில் நடந்து தூக்கிக்கொண்டு போய்ப் பந்தி மாதிரி பரிமாறினார்கள். கைக்குழந்தைக்காரிகளுக்குப் பால் தேடினார்கள். வாழைத்தோட்டம் முழுக்கத் தண்ணீரில் கிடந்தவன் என் தம்பி. அவனும் அதில் நின்றான். பிறகு நான் கேட்டேன், "ஏல, நம்ம வீட்டு அரிசி எவ்வளவு கொடுத்தே?" என்று. வங்கிக்காரன் புத்தி, பாருங்கள். "எடை பார்க்கலைண்ணே. மூட்டையோட தூக்கிட்டுப் போயிட்டாங்க" என்றான்.

செவ்வாய்க்கிழமை, 19-ஆம் தேதிதான் மீட்புப் படையினர் முழுமையாக வந்து எல்லாரையும் வெளியே கொண்டுவர முடிந்தது. ஹெலிகாப்டரில் உணவுப் பொட்டலம் போட்டார்கள். மற்றவர்கள் தண்ணீரிலும் சேற்றிலும் நடந்து, பஸ் நின்ற இடத்துக்குப் போய், அங்கிருந்து வாஞ்சி மணியாச்சிக்கு. அங்கே சிறப்பு ரயில் காத்திருந்து சென்னைக்கு ஏற்றிப் போனது. மணியாச்சியும் ஒரு கிராமத்து ஸ்டேஷன்தான். 1911-இல் வாஞ்சிநாதன் கலெக்டர் ஆஷைச் சுட்டது அங்கேதான். இல்லாவிட்டால் அந்தப் பெயரே பலருக்குத் தெரிந்திருக்காது. ஒரு சின்ன ஸ்டேஷன் 800 உயிரைப் பிடித்து வைத்தது, இன்னொரு சின்ன ஸ்டேஷன் அவர்களை வீட்டுக்கு அனுப்பியது.

நண்பர்களே, நான் கணக்குக்காரன். ஆகையால் கணக்காகவே கேட்கிறேன். 2023 டிசம்பர் 17-ஆம் தேதி இரவு ஸ்ரீவைகுண்டம் ஸ்டேஷனில் எத்தனை டிக்கெட் விற்றது? எனக்குத் தெரியாது. விரல்விட்டு எண்ணக்கூட இருந்திருக்காது. வரவுப் பக்கத்தில் அன்றைக்குப் பெரிதாக ஒன்றும் விழுந்திருக்காது. அன்று அந்த ஸ்டேஷன் செய்த காரியத்தை எந்தப் பத்தியில் எழுதுவது? நடக்காத விபத்துக்கு லெட்ஜரில் பக்கம் கிடையாது. நான் பிளாட்பாரத்தில் உட்கார்ந்து தம்பிக்குப் போட்டுக் காட்டிய கணக்கில் அந்தப் பத்தி இல்லை. என் யோசனைப்படி அங்கே ஒரு ஏஜெண்டும் ஒரு டிக்கெட் புஸ்தகமும் மட்டும் இருந்திருந்தால், மாலை வண்டிக்கு டிக்கெட் கிழித்துக் கொடுத்துவிட்டு அவர் மழைக்கு முன்னால் வீட்டுக்குப் போயிருப்பார். அவர்மேல் குற்றம் சொல்ல முடியாது. அவர் வேலை அதோடு முடிந்தது.

நான் புதுமைக்கு எதிரி இல்லை. சிக்னல் நவீனமாகட்டும், யந்திரம் வரட்டும். ஆனால் மழை பெய்கிற இடத்தில் நனைகிற ஆள் ஒருவர் இருக்க வேண்டும். பாதையை நடந்து பார்க்கிற கேங்மேன் ஒருவர் வேண்டும். "எனக்குத் தெரியாம விட மாட்டேன்" என்று சொல்ல ஓர் அதிகாரி அங்கேயே வேண்டும். சின்ன ஸ்டேஷன்களில் ஆளைக் குறைக்கலாம், நிறுத்தத்தை எடுக்கலாம் என்று பேச்சு வரும்போதெல்லாம் இந்தக் கேள்வியைக் கேளுங்கள்.

ஸ்டேஷன் பக்கத்தில் ஊர் இருந்தது என்பதையும் மறந்துவிடக் கூடாது. நூறு வருஷமாக அந்த ரயிலடியில் ஏறி இறங்கிய ஜனங்கள். அங்கே நிற்கிற வண்டி அவர்களுக்கு அந்நியம் இல்லை, நம்ம வீட்டு வாசலில் வந்து நின்ற விருந்தாளி. அப்படித்தான் சோறு போட்டார்கள்.

அரித்துப்போன பாதையைச் சரிசெய்து 2024 ஜனவரியில் மறுபடி ரயில் விட்டார்கள். மழையிலும் சேற்றிலும் ராப்பகலாக உழைத்த தொழிலாளிகளுக்கு நாம் கடமைப்பட்டிருக்கிறோம். முதல் வாரத்திலேயே நான் போய் ஒரு டிக்கெட் எடுத்து ஸ்ரீவைகுண்டத்தில் இறங்கினேன். பிளாட்பாரத்தில் சும்மா உட்கார்ந்திருந்தேன். வண்டி வந்தது, போனது. எல்லாம் வழக்கம்போல. வழக்கம்போல இருப்பது எவ்வளவு பெரிய காரியம் என்று எனக்குப் புரிய எழுபது வயது ஆயிற்று.

கடைசியாக இரண்டு வேண்டுகோள். ஒன்று, மாணவர்களுக்கு. இந்தப் பாதையில் வேலை பார்த்து ஓய்வுபெற்ற கேங்மேன்கள், பாயிண்ட்ஸ்மேன்கள் இன்னும் நம் ஊர்களில் இருக்கிறார்கள். கரி எஞ்சின் காலம், டோக்கன் காலம், 92 வெள்ளம், 2023 வெள்ளம் எல்லாம் அவர்கள் வாயில் இருக்கிறது, காகிதத்தில் இல்லை. வரலாற்றுத் துறை மாணவர்கள் போய் உட்கார்ந்து கேட்டு எழுதி, நம் கல்லூரி நூலகத்தில் வையுங்கள். எழுதும் செலவுக்கு எங்கள் வகுப்பு நண்பர்கள் பொறுப்பு. அந்தப் பதினான்கு பேரும் கையெழுத்துப் போட்டவர்கள்தானே, இதற்கும் போடுவார்கள்.

இரண்டாவது, எல்லாருக்கும். வண்டி வழியில் நின்றால் கொஞ்சம் பொறுமையாக இருங்கள். ஏன் நிற்கிறது என்று கேளுங்கள், கேட்கலாம். ஆனால் என்னைப் போல மனு எழுதுவதற்கு முன்னால், யாரோ ஒருவர் நனைந்துகொண்டே உங்களுக்காகப் பாதையைப் பார்க்கப் போயிருக்கிறார் என்று நினைத்துக்கொள்ளுங்கள்.

அந்தப் பெரியவர் இன்று உயிரோடு இருக்க வாய்ப்பில்லை. அவர் பிள்ளைகள், பேரப்பிள்ளைகள் யாராவது எங்காவது இருக்கலாம். இந்த மலர் அவர்கள் கையில் போய்ச் சேருமோ, சேராதோ. சேர்ந்தால், அன்றைக்கு வேலை போயிற்றே என்று கத்திய அந்தப் பையன் 47 வருஷம் கழித்து மனுவை வாபஸ் வாங்கிக்கொண்டான் என்று தெரிந்துகொள்ளட்டும்.